நூராவின் முன்னங்கால்

முனியசாமி புறங்கையை வைத்துப் பார்த்தார். நூராவின் இடது முன்னங்கால் கொதித்தது. நேற்றும் இதே கொதிப்புதான். இருபத்தாறு வருசமாக இந்தத் துபாய் லாயத்தில் விடிந்ததும் ஒவ்வொரு குதிரைக்கும் காலைத் தொட்டுப் பார்த்த பிறகுதான் அவருக்கு டீ. சூடு இருந்தால் உள்ளே அடி என்று அர்த்தம்; சவாரி கிடையாது.

லாயத்து மேனேஜர் மேஜர் விட்லாக்குக்கு அது ஏறவில்லை. இன்றைக்கு விருந்தாளிகள் முன்னால் நூராவை வேலி தாண்ட வைத்தே தீருவானாம். "நான் பிரிட்டிஷ் குதிரைப்படை அதிகாரி. எனக்கா பாடம்?" என்று நேற்றுச் சிரித்தான். அதைத் தமிழில் சொன்னது சூப்பர்வைசர் சாதிக் பாட்ஷா, கீழக்கரைக்காரர்.

விருந்துப் பந்தலில் மாட்ட மேஜரின் படங்களை இருவரும் தூக்கி வந்தார்கள். இருபது வயதில் ஜெர்மனி. அப்புறம் குவைத் எல்லை, பாஸ்ரா. தோளில் பட்டை கூடிக்கொண்டே போனது, நெஞ்சில் மெடலும். ஆனால் எல்லாப் படத்திலும் டாங்கி.

"குதிரை எங்க பாய்?"

"பேருதாண்ணே குதிரைப்படை. அவங்க டாங்கிக்கு மாறி எம்பது வருசமாச்சு. இவரு ரிட்டயர் ஆனப்புறம்தான் சவாரியே பழகினாரு."

முனியசாமிக்குக் கோபம் உச்சி மண்டை வரை ஏறியது.

"இத்தனை வருசம் இரும்பு ஓட்டின பயலா என்னைய வாய மூடச் சொன்னான்? டாங்கிக்குச் செயின் அறுந்தா வேற மாட்டுவான். நூராவுக்குக் காலு எந்தக் கடையில வாங்குவான்? ஒடிஞ்சா ஊசி போட்டுக் கொல்லத்தான் தெரியும்!"

"மெதுவாண்ணே. விசா அவங்க கையில."

முனியசாமி ஆணி பிடுங்கும் குறட்டைக் கையில் எடுத்தார். நூராவின் காலை மடக்கித் தொடை நடுவே இடுக்கி, ஆணி ஆணியாக நெம்பி லாடத்தைக் கழற்றினார்.

பளபளத்த பூட்ஸோடு மேஜர் வந்தான். பின்னால் விருந்தாளிகள். "யல்லா, ஜல்தி!" என்று அவசரப்படுத்தினான்.

முனியசாமி லாடத்தை நீட்டினார். லாடம் அடிக்கிற ஆள் ஞாயிற்றுக்கிழமைதான் வருவான். ஒரு காலில் லாடமில்லாத குதிரையில் ஏறக் கூடாதென்று டாங்கிக்காரனுக்கும் தெரியும். முகம் சிவந்துவிட்டது.

"பாய், டாங்கி இருந்தா ஏறிக்கச் சொல்லு."

சாதிக் டாங்கியை விழுங்கிவிட்டு, லாடம் இல்லை என்று மட்டும் சொன்னார். "லாடம் மாஃபி, சார்."

"கலாஸ்! விசா கேன்சல்!"

அதற்கு மொழிபெயர்ப்பு வேண்டியிருக்கவில்லை. முனியசாமி தண்ணீர்க் குழாயை இழுத்து வந்து நூராவின் காலில் பீய்ச்சினார்.

"பண்ணிக்கடா. காலு ஆறட்டும், போறேன்."