எழுபது பைசா வட்டி

“முழுசாக் கேளு ஞானம், அந்தத் தாள்ல ரெண்டு கட்டம் இருந்துச்சு, ஏதாவது ஒண்ணுல டிக் அடிச்சாத்தான் அவன் வாங்குவான், நான்...”

“ஒரு டிக்குன்னு சொல்லாதீக. ஒம்பது வருஷம்னு சொல்லுங்க.”

“...நம்ம நெலமைக்கு எது தோதோ அதுல அடிச்சேன், இதுல என்ன...”

“எங்கிட்டக் கேட்டீகளா?”

“...இதுல ஊர்ல நடக்காத அநியாயம் என்ன நடந்துபோச்சு?”

“கேட்டீகளான்னுதான் கேக்குறேன்.”

வெள்ளிக்கிழமை மத்தியானம் மூன்று மணி. ஞானமணி வங்கியிலிருந்து ஆட்டோவில் வந்து இறங்கியவள், தோளில் கிடந்த கைப்பையைக்கூடக் கழற்றாமல் நின்றுகொண்டிருந்தாள். அவள் வீட்டுக்காரர் பிலவேந்திரன் சாப்பாட்டு மேசையில் பாதித் தட்டோடு உட்கார்ந்திருந்தார். தவக்காலம் என்பதால் கவுச்சி இல்லை, பருப்பும் வெண்டைக்காயும்தான். அதையும் அவர் விரலால் ஓரத்துக்கு ஒதுக்கிக்கொண்டே இருந்தார்.

கைப்பைக்குள் இரண்டு தாள்கள் இருந்தன. ஒன்று அவள் எழுதி வைத்திருந்த விருப்ப ஓய்வுக் கடிதம். திங்கட்கிழமை தாளாளர் ஃபாதரிடம் கொடுத்துவிட்டால் ஜூன் மாதத்தோடு பள்ளிக்கூடத்துக்கு ஒரு கும்பிடு. இருபத்தேழு வருடமாகத் தமிழ் டீச்சர். ஒன்பதாம் வகுப்பும் பத்தாம் வகுப்பும் இரண்டாவது மாடியில். ஒரு நாளைக்கு நாலு தடவை ஏறி இறங்கவேண்டும், ஒவ்வொரு படிக்கும் கைப்பிடியைப் பிடித்து நின்று, பின்னால் வரும் பிள்ளைகளை முன்னால் போகச் சொல்லி. இன்னொரு தாள் இன்றைக்கு வங்கியில் கொடுத்தது. இரண்டாவது தாளைப் பார்த்தபிறகு முதல் தாளைக் கொடுக்க முடியுமா என்பதுதான் இப்போது கேள்வி.

அவள் போட்டிருந்த கணக்கு இவ்வளவுதான். வீட்டுக் கடனில் பாக்கி எட்டு லட்சத்துக்குள் இருக்கும். ஓய்வுப் பணத்தில் அதை அடைத்துவிட்டு, மிச்சத்தை மதுரையில் நர்சிங் கடைசி வருடம் படிக்கும் ஆன் மேரிக்கு வைத்துக்கொண்டு, பென்ஷனில் சாப்பிட்டுக்கொள்வது. கணக்கு டீச்சர் சுபாகூட ஃபோனில் தட்டிப் பார்த்துவிட்டு, ஏழே முக்கால்தான் வரும், தைரியமாக எழுதிக் கொடுங்கள் என்று சொல்லியிருந்தாள். பாக்கித் தொகையை எழுத்தில் வாங்கத்தான் இன்று லீவு போட்டுவிட்டு வங்கிக்குப் போனாள்.

அங்கே கீர்த்தி என்று ஒரு சின்னப் பெண், கடன் பிரிவில் இருக்கிறவள், கம்ப்யூட்டரைப் பார்த்துவிட்டுப் பதினாலு லட்சத்துத் தொண்ணூற்று மூவாயிரம் என்றாளாம். கடைசித் தவணை இரண்டாயிரத்து முப்பத்தேழு டிசம்பர். வேறு யார் கணக்கையோ பார்க்கிறாய் அம்மா என்று ஞானமணி சொல்லியிருக்கிறாள். அந்தப் பெண் சிரித்துவிட்டு, பழைய ஃபைல் கட்டிலிருந்து ஒரு தாளைத் தேடி எடுத்து வந்து காட்டியிருக்கிறது. அதில்தான் அந்த இரண்டு கட்டங்கள். கூடுதலாகக் கட்டும் பணத்தால் கடன் காலத்தைக் குறைக்கவேண்டுமா, மாதத் தவணையைக் குறைக்கவேண்டுமா? தவணை என்ற கட்டத்தில் நீல மையில் டிக். கீழே இரண்டு கையெழுத்து. ஒன்று அவளுடையது.

“நீங்கதானே மேடம் சைன் பண்ணியிருக்கீங்க” என்று அந்தப் பெண் கேட்டதற்கு ஞானமணியால் இல்லை என்று சொல்ல முடியவில்லை.

இந்தக் கடன் ஆரம்பித்த கதையைச் சொன்னால்தான் இது விளங்கும். வீடு கட்ட முப்பது லட்சம், இருபது வருடம், வட்டி மாறாது. வட்டி எவ்வளவு என்று அப்போது அவள் கேட்டாள். பிலவேந்திரன் நூற்றுக்கு எட்டு புள்ளி நாலு என்று சொல்லவில்லை. காரைக்குடியில் யாரும் அப்படிச் சொல்லுவதில்லை. நூறு ரூபாய்க்கு மாதத்துக்கு எவ்வளவு என்பதுதான் இங்கே பேச்சு. “எழுபது பைசா வட்டி ஞானம்” என்றார். அவள் பிறந்த வீட்டில் விதைநெல்லுக்கு மூன்று ரூபாய் வட்டிக்கு வாங்கியதைப் பார்த்து வளர்ந்தவள். எழுபது பைசா என்றதும் யாரோ தர்மத்துக்குக் கொடுக்கிறமாதிரி இருந்தது. பைசா என்ற சொல்லைக் கேட்டு யார் பயப்படுவார்கள்? முப்பது லட்சத்துக்கு எழுபது பைசா என்றால் மாதத்துக்கு இருபத்தோராயிரம் வட்டி மட்டுமே ஆகிறது என்பதை அவள் இன்றைக்குத்தான், வங்கி நாற்காலியில் உட்கார்ந்து, பெருக்கிப் பார்த்தாள். தவணை இருபத்தையாயிரத்து எண்ணூற்றுச் சொச்சம். முதல் மூன்று வருடத்தில் ஒன்பது லட்சத்து முப்பதாயிரம் கட்டியிருக்கிறார்கள். கடனில் கழிந்தது இரண்டு லட்சம்கூட இல்லை.

அதற்குப் பிறகுதான் அவள் தன் அண்ணனிடம் போய், அம்மாவழி நிலம் விற்றதில் தன் பங்கைக் கேட்டாள். அதுவரை எதுவும் கேட்காதவள். சாக்கோட்டைப் பக்கம் இருந்த நிலம். பத்து லட்சம் வந்தது. இரண்டாயிரத்து இருபத்தொன்று ஜனவரியில் அதை அப்படியே கடனில் போட்டார்கள். அன்றைக்குப் பள்ளிக்கூடத்தில் ஆய்வுக்கு ஆள் வருகிறார்கள் என்று அவளுக்கு அவசரம். நீ கையெழுத்தைப் போட்டுவிட்டுப் போ, மிச்சத்தை நான் நிரப்பிக் கொடுத்துவிடுகிறேன் என்றார் பிலவேந்திரன். சாயங்காலம் அல்வாப் பொட்டலத்தோடு வந்தார். இன்னும் எட்டே வருடம், இருபத்தொன்பது ஜனவரியோடு வீடு நம்முடையது என்று ஒரு தாளில் எழுதியும் காட்டினார். அவள் அடுத்த ஞாயிற்றுக்கிழமை நன்றிப் பூசைக்குக் காணிக்கை கொடுத்தாள். கடன் சுமை குறைந்ததற்காக என்று சாமியார் அவர்கள் இரண்டு பேர் பெயரையும் வாசித்தார். பிலவேந்திரன் பக்கத்தில்தான் முழந்தாளிட்டிருந்தார்.

“அந்தப் பூசையில எந்திரிச்சு வெளிய போகணும்னுகூட ஒங்களுக்குத் தோணலையா?” என்று இப்போது கேட்டாள்.

பூசையை எதற்கு இதில் இழுக்கிறாய் என்றார். அப்புறம் தட்டை நகர்த்திவிட்டு, நிதானமாக, வகுப்பு எடுக்கிறமாதிரி ஆரம்பித்தார். செக்காலைப் பக்கம் சொக்கு செட்டியாரின் பெயிண்டு கடையில் இருபத்திரண்டு வருடமாகக் கணக்கு எழுதுகிறவர். பேச்சில் எப்போதும் ஒரு பேரேடு விரிந்திருக்கும். எழுபது பைசாவுக்குக் கிடைத்த காசை ஏன் அவசரப்பட்டுத் திருப்பவேண்டும் என்று கேட்டார். வெளியில் இரண்டு ரூபாய் வட்டி நடக்கிறது. தவணையைக் குறைத்துவிட்டு, மிச்சப்படும் ஒன்பதாயிரத்துச் சொச்சத்தை மாதாமாதம் சேர்த்து வெளியில் விட்டால் என்ன ஆகும்?

“பேங்குக்காரன் காசு எழுபது பைசா. வெளிய ரெண்டு ரூபா. நடுவுல ஒண்ணு முப்பது நமக்கு. இது ஒனக்கு வெளங்காதுன்னுதான் சொல்லல.”

“கணக்குப்பிள்ளைக்கு மொதலாளியாகணும்னு ஆச வந்துருச்சு. சரி, அந்த ஒண்ணு முப்பது எங்க?”

அவர் தண்ணீர் குடித்தார். நேமத்தான்பட்டியில் பழைய வீடுகளைப் பார்க்க வரும் வெளிநாட்டுக்காரர்களுக்கு வேன் ஓட்டிக்கொண்டிருந்த பூமிநாதனை அவளுக்குத் தெரியும், இரண்டு தடவை வீட்டுக்கு வந்து காப்பி குடித்துவிட்டுப் போயிருக்கிறான். அவனிடம்தான் கொடுத்திருக்கிறார். முதல் இரண்டு வருடம் வட்டி தேதி தவறாமல் வந்தது. வந்த வட்டியையும் அவனிடமே திருப்பிக் கொடுத்து முதலோடு சேர்த்துக்கொள்ளச் சொன்னாராம். மூன்றாவது வேன் வாங்கினான். பிறகு ஃபைனான்ஸ்காரர்கள் வந்து மூன்று வேனையும் எடுத்துக்கொண்டு போனார்கள். அதன்பிறகும் சரியாகிவிடும் என்று அவர் கொடுத்திருக்கிறார். ஒரு வருடமாக வட்டி இல்லை. இப்போது அவன் திருப்பூரில் இருப்பதாகக் கேள்வி. ஃபோன் அடிக்கிறது, எடுப்பதில்லை.

“புரோநோட்டு எழுதி வாங்கியிருக்கேன்” என்றார்.

யார் பேரில் என்று கேட்டாள். அவர் பேரில்தான். எல்லாம் சேர்த்து எவ்வளவு என்று கேட்டாள். கையிலிருந்து போட்ட முதல் மட்டும் அஞ்சே முக்கால் லட்சம் என்றார்.

ஞானமணி அப்போதுதான் நாற்காலியை இழுத்து உட்கார்ந்தாள். உட்காரும்போது இரண்டு கையையும் மேசையில் ஊன்றிக்கொண்டாள். கைப்பையைத் திறந்து வங்கித் தாளை மட்டும் எடுத்து, தட்டுக்குப் பக்கத்தில் விரித்து வைத்தாள். ஒவ்வொரு மாதமும் ஒன்றாம் தேதி தன் சம்பளத்திலிருந்து பதினைந்தாயிரம் அவர் கணக்குக்குப் போகிறதா இல்லையா என்று கேட்டாள். போகிறது என்றார். தவணை இருபத்தையாயிரத்து எண்ணூறு என்று நம்பித்தான் அதை அனுப்பினாள், மீதிப் பத்தாயிரத்தையும் அவர் போடுகிறார் என்று நம்பித்தான். குறைந்தபிறகு தவணை எவ்வளவு?

“பதினாறாயிரத்து அறுநூறு.”

“அப்ப அஞ்சு வருஷமா இந்த வீட்டுக்கு நீங்க போட்டது மாசம் ஆயிரத்து அறுநூறு.”

அப்படிக் கழிக்கக்கூடாது என்றார். மளிகை யார் வாங்குகிறது, கரண்டு பில் யார் கட்டுகிறது என்றார். அவள் தாளின்மேல் விரலை வைத்துக்கொண்டு மெதுவாக வாசித்தாள். வாங்கினது முப்பது. இதுவரைக்கும் கட்டினது, அம்மா நிலத்துக் காசும் சேர்த்து, இருபத்தொன்பதரைக்கு மேலே. இன்னும் பாக்கி பதினைந்து. அதைக் கடைசிவரை தவணையிலேயே கட்டினால் இருபத்து மூன்றரை. கீர்த்தி பேனாவால் ஓரத்தில் இன்னொரு கணக்கும் போட்டுக் காட்டியிருந்தாள். அன்றைக்குப் பக்கத்துக் கட்டத்தில் டிக் அடித்திருந்தால் ஒன்பது லட்சம் குறைவாகக் கட்டியிருப்பார்கள்.

“மொத்தம் அம்பத்து மூணு லட்சம். இந்த மூணு ரூமுக்கு. அதாவது பரவாயில்ல, ஊரெல்லாம் கட்டுறாக. ஆனா முடிஞ்சுரும் முடிஞ்சுரும்னு நெனச்சுக்கிட்டே ஏறுனேன் பாருங்க அந்தப் படிய, அதுக்கு என்ன சொல்றீக?”

பிலவேந்திரன் எழுந்து கை கழுவப் போனார். குழாய் வெகுநேரம் ஓடியது. திரும்பி வந்து, ஐந்தரைக்குச் சிலுவைப்பாதை இருக்கிறது, இப்போதே கிளம்பினால்தான் உட்கார இடம் கிடைக்கும், வந்து பேசிக்கொள்ளலாம் என்றார். மணி மூன்றரைதான் ஆகியிருந்தது.

கோயிலுக்குப் போகலாம், ஆனால் ஒரே ஒரு விஷயத்தைச் சொல்லிவிட்டுப் போங்கள் என்றாள் அவள். வட்டிக்கு விடுகிற ஆசை ஒரு பக்கம் இருக்கட்டும். அன்றைக்குச் சாயங்காலம் எட்டு வருடம் என்று எழுதிக் காட்டினீர்களே, அந்தப் பொய் எதற்கு? தவணை குறைந்திருக்கிறது, மிச்சத்தைச் சேர்த்துவைக்கிறேன் என்று சொல்லியிருந்தால் அவளும் ஒருவேளை சரி என்றிருப்பாள். பதினைந்தாயிரத்தைப் பத்தாயிரமாக்கியிருப்பாள். தனக்கென்று நாலு காசு ஒதுக்கியிருப்பாள். ஏன் மறைக்கவேண்டும்?

அவர் நாற்காலியின் முதுகைப் பிடித்துக்கொண்டு நின்றார். பூமிநாதன் கதையைச் சொன்னபோதுகூட அவர் முகம் இப்படி ஆகவில்லை. பேசும்போது குரல் இறங்கியிருந்தது.

“எனக்கு என்ன பென்ஷனா வருது? செட்டியார் நாளைக்கிக் கடைய மூடுனா நான் அங்குட்டும் இல்ல, இங்குட்டும் இல்ல. ஒன் சம்பளத்த நம்பித்தான் இந்த வீட்டுல அடுப்பு எரியுது. கடன் சீக்கிரம் முடியப்போகுதுன்னா நீ வேலைய விட்டுருவ. கடன் கெடந்தா விடமாட்ட. அதுதான். தப்புன்னா தப்புதான், என்ன செய்யச் சொல்ற?”

ஞானமணி அவரையே பார்த்துக்கொண்டிருந்தாள். வேலையை விடப்போகிறேன் என்று அவள் வாயால் அவரிடம் சொன்னது சாம்பல் புதனன்றைக்குத்தான். ஒரு மாதம்கூட ஆகவில்லை. அதற்குமுன் கால் வலி என்று சொன்னபோதெல்லாம், எடை போட்டுவிட்டது, சாயங்காலம் நாலு எட்டு நடந்தால் சரியாகிவிடும் என்பார். ஒரு தடவை டாக்டரிடம் போகலாமா என்று கேட்டதற்கு, இந்த வயதில் யாருக்குத்தான் வலிக்கவில்லை என்று சிரித்தார். அவளும் அதை நம்பி, பெரிதுபடுத்துகிறோமோ என்று தன்னைத்தானே கடிந்துகொண்டு, விடிகாலையில் எழுந்து மைதானத்தைச் சுற்றி நடந்திருக்கிறாள்.

கைப்பைக்குள் இருந்த கடிதத்தை அவள் எடுக்கவில்லை. வங்கித் தாளை நாலாக மடித்து அதன்மேலேயே வைத்து, ஜிப்பை இழுத்து மூடினாள். திங்கட்கிழமை முதல் மணிக்குப் பத்தாம் வகுப்பு.

“அப்ப என் காலு ஏலாதுங்கிறது அஞ்சு வருஷத்துக்கு முந்தியே ஒங்களுக்குத் தெரிஞ்சுதான் இருந்துச்சு, இல்லையா?”