நடந்து போகிறவனுக்குப் பர்மிட் வேண்டாம்

என் டிரக்கின் பின்கண்ணாடியை எவனோ சுட்டு உடைத்த பிறகுதான் நான் துப்பாக்கிக்குப் பர்மிட் கேட்கப் போனேன். குண்டு என் காதோரமாகப் போய் முன்கண்ணாடியில் ஓட்டை போட்டிருந்தது. ஒரு சாண் இந்தப் பக்கம் வந்திருந்தால் இந்தக் கதையைச் சொல்ல ஆள் இருந்திருக்காது. பார்க்க வந்த போலீஸ் டெபுடி ஓட்டைக்குள் சுண்டுவிரலை விட்டு ஆட்டிவிட்டு, மான் வேட்டைக்கு வந்தவன் எவனாவது குறி தவறியிருப்பான் என்றான். அது ஜூன் மாதம். அலபாமாவில் மான் வேட்டை குளிர்காலத்தோடு முடிந்துபோகும். அது அவனுக்கும் தெரியும். எனக்குத் தெரியும் என்பதும் அவனுக்குத் தெரியும்.

சுட்டது யார் என்று நான் சொல்ல மாட்டேன். பார்க்கவில்லை. பார்த்ததை மட்டும் சொல்கிறேன். அதே வாரம் ராயல் ஹாஸ்கின் என் வீட்டு முன்னால் வந்து நின்றான். மர ஆலை முதலாளி. என் அப்பா வாங்கிப் போட்ட பைன் காட்டுக்கு மூன்று பக்கமும் அவன் நிலம்தான். நாலாவது பக்கம் ரோடு. இந்த வயதில் தனியாக இருப்பது ஆபத்து, நிலத்தைக் கொடுத்துவிட்டு டெட்ராய்ட்டில் மகளோடு போய் இரு என்று புத்தி சொன்னான். கண்ணாடி இன்னொரு தரமும் உடையலாம் என்றான். உடைந்ததை நான் அவனிடம் சொல்லியிருக்கவில்லை. டிரக்கையும் கொட்டகைக்குள் நிறுத்தி மூடி வைத்திருந்தேன்.

என்னிடம் ஒரு பாயிண்ட் முப்பத்தெட்டு ரிவால்வர் ரொம்ப நாளாக இருந்தது. வீட்டில் வைத்துக்கொள்ள ஒருவனையும் கேட்க வேண்டாம். டிரக்கில் வைத்துக்கொண்டு போக வேண்டுமானால் ஷெரீஃப், அதாவது ஊர் ஓட்டுப் போட்டு உட்கார வைத்த போலீஸ் தலைவன், பர்மிட் கொடுக்க வேண்டும். அந்தக் காலத்தில் கொடுப்பதும் மறுப்பதும் அவன் இஷ்டம். காரணம்கூடச் சொல்ல வேண்டியதில்லை.

ஷெரீஃப் டாயில் விக்கரிக்கு என் மகள் வயதுதான் இருக்கும். அவன் அப்பனுக்கு நான் மிஸ்டர் இல்லாத வெறும் எஸெல். அவனுக்கும் வெறும் எஸெல். அவன் மகன் பேசக் கற்றுக்கொண்டால் அவனுக்கும் அப்படித்தான். உட்காரச் சொல்லவில்லை, நானே உட்கார்ந்தேன். எதற்குப் பர்மிட் என்று கேட்டான். உயிரோடு வீடு போய்ச் சேர என்றேன்.

"சரி, உனக்காக யாரு பேசுவா?" என்றான்.

இதை வெளியாட்களுக்குக் கொஞ்சம் விளக்க வேண்டும். சட்டத்தில் இந்தக் கேள்வி கிடையாது. வெள்ளைக்காரன் போய்க் கேட்டால் இந்தக் கேள்வி வராது. எங்கள் கறுப்பர்களில் ஒருவன் கேட்டால் மட்டும், ஊரில் பெரிய கை என்று பெயர் எடுத்த வெள்ளைக்காரன் யாராவது போன் போட்டு, இவன் நல்லவன், நம்ம ஆள் என்று சொல்ல வேண்டும். என் மச்சினனுக்குப் பருத்தி ஆலைக்காரன் ஒரு தடவை அப்படிச் சொன்னான். மச்சினன் சாகிற வரைக்கும் அந்த ஆள் வீட்டுப் புல்லை வெட்டிக்கொண்டிருந்தான்.

"எனக்கு நானே பேசறேன்" என்றேன். "எழுபத்தொரு வயசாச்சு. ஒரு ராத்திரிகூட உங்க ஜெயில்ல படுத்ததில்ல."

"அது பத்தாது எஸெல். ஹாஸ்கின்கிட்டச் சொல்லேன். பக்கத்து நிலந்தானே? அவர் ஒரு வார்த்தை சொன்னா இப்பவே எழுதிக் குடுத்துடறேன்."

எனக்குச் சிரிப்பு வந்தது. கோழிக்கு நரியின் சிபாரிசு. அதை வாய்விட்டுச் சொல்லவில்லை. பர்மிட் இல்லாவிட்டால் என்னென்ன செய்யக்கூடாது என்று மட்டும் கேட்டேன். சட்டைக்குள் மறைக்கக்கூடாது, வண்டியில் வைக்கக்கூடாது என்றான்.

"சட்டைக்கு வெளிய?"

அவன் நாற்காலியில் சாய்ந்துகொண்டு சிரித்தான். "எல்லாருக்கும் தெரியற மாதிரி இடுப்புல கட்டிக்கிட்டு ரோட்டுல நடந்து போனா எந்தச் சட்டமும் தடுக்காது. தாராளமா நட. இந்த ஊர்ல யாரு நடக்கறா?"

அவன் சொன்னது உண்மை. எங்கள் ஊரில் ஒருவரும் நடப்பதில்லை. வாசல் கோடியில் இருக்கிற தபால் பெட்டிக்கே வண்டியில் போகிற ஊர் இது. ரோட்டில் ஒருவன் நடந்தால் வண்டி ரிப்பேர் என்று அர்த்தம், இல்லையென்றால் குடித்துவிட்டு ஓட்டி ஜட்ஜிடம் லைசென்ஸைப் பறிகொடுத்தவன் என்று அர்த்தம்.

வீட்டுக்கு வந்ததும் என் தங்கை வெர்னீஸ் திட்டித் தீர்த்தாள். ஊரில் எல்லாரும் சீட்டுக்கு அடியில் ஒன்று வைத்துக்கொண்டுதான் ஓட்டுகிறார்கள், போதகர் உட்பட. ஒருவனும் கேட்கிறதில்லை. "நீ ஏன் போயிக் கேட்ட அண்ணே? கேக்காம இருந்தா உன்ன யாரு பாக்கப்போறா? இப்ப பேரு குடுத்துட்டு வந்துருக்க. நாளைக்கே வண்டிய நிறுத்தி சீட்டத் தூக்கிப் பாப்பானுங்க."

அவள் சொன்னதில் தப்பில்லை. ஷெரீஃபும் அதைத்தான் எதிர்பார்த்தான். மறுத்துவிட்டால் கிழவன் பயத்தில் ஒளித்து வைத்துக்கொண்டு வருவான், பிடித்து உள்ளே போட்டால் வக்கீலுக்குக் கொடுக்க நிலத்தை விற்பான் என்பது கணக்கு. விற்றால் வாங்க எவன் இருக்கிறான் என்று தெரிந்ததுதானே.

மறுநாள் காலையில் டிரக்கை அப்படியே கொட்டகையில் விட்டேன். சட்டையைப் பேண்ட்டுக்குள் சொருகி, அதற்கு மேல் பெல்ட், பெல்ட்டில் தோல் உறை, உறையில் ரிவால்வர். கைப்பிடி வெயிலில் மின்னுகிற மாதிரி எண்ணெய் போட்டுத் துடைத்திருந்தேன். ரோட்டில் இறங்கி நடந்தேன். டவுன் ஆறு மைல்.

முதல் நாள் எல்லாரும் வண்டியின் வேகத்தைக் குறைத்துப் பார்த்தார்கள். தெரிந்தவர்கள் ஏற்றிக்கொள்ள நிறுத்துவார்கள், இடுப்பைப் பார்ப்பார்கள், ஏதோ அவசர வேலை இருக்கிற மாதிரி போய்விடுவார்கள். ஒரு பயல் பீர் டப்பாவை எறிந்தான். குனிந்து எடுத்துப் போகிற வழியில் குப்பையில் போட்டேன். தீவனக் கடையில் நாலு பேர் என்னையே பார்த்துக்கொண்டு நின்றார்கள். நாலு பேர் சட்டைக்கு அடியிலும் ஒவ்வொரு மேடு இருந்தது. ஒருவன், "எங்க எஸெல், சண்டைக்கா?" என்று கேட்டான். கோழித் தீவனத்துக்கு என்றேன். மூட்டையை வெர்னீஸ் தன் காரில் போட்டுக்கொண்டு என் பக்கத்திலேயே ஆமை மாதிரி ஓட்டி வந்தாள். தீவனம் சொகுசாகப் போனது, நான் நடந்தேன். ஆறு மைலும் ஜன்னல் வழியாக வசவு வந்துகொண்டே இருந்தது.

ஞாயிற்றுக்கிழமை போதகர் துப்பாக்கியோடு சர்ச்சுக்குள் வரவேண்டாம் என்று கெஞ்சினார். அவர் இடம், அவர் சொல்லலாம். ஜன்னலுக்கு வெளியே மரத்தடியில் உட்கார்ந்து பிரசங்கம் கேட்டேன். உள்ளே இருந்தவர்களைவிட எனக்குக் காற்று நன்றாக வந்தது.

வெயில் உச்சத்தில் இருந்த ஒரு மதியம், அந்தச் சுண்டுவிரல் டெபுடி பக்கத்தில் காரை நிறுத்தினான். வாயில் தேன் ஒழுகியது. இந்த வயதில் இப்படி நடக்கலாமா, உள்ளே குளுகுளுவென்று இருக்கிறது, ஏறிக்கொள்ளுங்கள், வீட்டில் விடுகிறேன் என்றான். கதவையும் அவனே திறந்துவிட்டான். முழங்கால் இரண்டும் ஏறு ஏறு என்றன. ஒரு காலைத் தூக்கிக்கூட விட்டேன். அப்புறம்தான் உறைத்தது. பர்மிட் இல்லாமல் துப்பாக்கி, அதுவும் வண்டிக்குள். ஏறி உட்கார்ந்தால் என்னைப் பிடிக்க அவன் காரைவிட்டு இறங்கக்கூட வேண்டியதில்லை. தூக்கிய காலைத் தரையில் வைத்தேன்.

"உங்க அம்மா நல்லாருக்காங்களா?" என்று கேட்டுவிட்டு நடந்தேன்.

பாங்கியிலிருந்தும் கோர்ட்டிலிருந்தும் பெண்கள் ஷெரீஃபுக்குப் போன் போட்டுக்கொண்டே இருந்தார்களாம். ஒரு கறுப்புக் கிழவன் துப்பாக்கியோடு டவுனுக்குள் திரிகிறான், என்ன செய்கிறாய் என்று. என்ன செய்வான்? நடக்கிறது குற்றமில்லை. அடுத்த வாரம் என் கூட்டாளி ஹோசியா சேர்ந்துகொண்டான். அவனுக்கு இடுப்பு வேறு சரியில்லை. ஒரு கையில் தடி, பெல்ட்டில் அவன் தாத்தா காலத்துக் கைத்துப்பாக்கி. அது சுடுமா என்று கடவுளுக்கே சந்தேகம். முடிவெட்டிக்கொள்ளப் போகிறேன் என்றான். அவன் தலையில் வெட்ட ஒன்றுமே கிடையாது.

அன்றைக்கே ஷெரீஃப் எங்களைச் சாலையில் மறித்தான்.

"ஒருத்தன் நடந்தா பைத்தியம்னு விட்டுடலாம். ரெண்டு பேரு நடந்தா ஊர்வலம். ஊர்வலத்துக்குப் பர்மிட் வேணும், தெரியுமா?"

"அதுக்கும் யாராவது பேசணுமா ஷெரீஃப்?" என்றான் ஹோசியா.

விக்கரியின் கழுத்து சிவந்தது. என்னை மட்டும் ஆபீசுக்கு வரச் சொன்னான். மிச்ச தூரமும் நடந்தே போனேன், ஹோசியா கூடவே வந்து வாசல் படியில் உட்கார்ந்துகொண்டான்.

உள்ளே ராயல் ஹாஸ்கின் உட்கார்ந்திருந்தான். தொப்பியை முழங்காலில் வைத்திருந்தான். மேஜையின் மேல் என் பெயர் போட்ட பர்மிட் அட்டை, கையெழுத்தோடு தயாராக இருந்தது. ஷெரீஃபுக்கு முகத்தில் பாரம் இறங்கிய நிம்மதி. "மிஸ்டர் ஹாஸ்கின் உனக்காக ஒரு வார்த்தை சொல்லியிருக்கார். எடுத்துக்கோ. கையக் குடுத்து ஒரு நன்றி சொல்லிட்டுப் போ."

ஹாஸ்கின் கையை நீட்டினான். "நமக்குள்ள என்ன எஸெல், அக்கம்பக்கத்துக்காரங்க. நிலத்தப் பத்தி அப்புறமா பேசிக்கலாம்."

அந்த அட்டை எனக்கு எவ்வளவு வேண்டியிருந்தது தெரியுமா. பாதங்களில் கொப்புளம். ராத்திரி முழங்காலில் எண்ணெய் தேய்த்தாலும் தூக்கம் கிடையாது. கையை நீட்டினால் போதும், நாளைக்கே டிரக்கை எடுத்துவிடலாம். ஆனால் அவன் வார்த்தையால் வந்த அட்டை அவன் வார்த்தையாலேயே போகும். அப்புறம் ஒவ்வொரு வருஷமும் அதைப் புதுப்பிக்க அவன் மூஞ்சியைப் பார்த்துக்கொண்டு நிற்க வேண்டும். என்றைக்காவது ஒரு நாள் நிலத்தைக் கேட்பான், நான் மாட்டேன் என்பேன், அவன் போனைக் கையில் எடுப்பான்.

நீட்டிய கையை நான் தொடவில்லை. அட்டையை மட்டும் ஒற்றை விரலால் ஷெரீஃப் பக்கம் தள்ளினேன்.

"இவரு யாரு ஷெரீஃப், எனக்காகப் பேச? என்னைச் சுடறதுக்கு யாருக்குக் காரணம் இருக்குன்னு விசாரிச்சா முதல்ல வர்ற பேரே இவர் பேருதான். நீங்க விசாரிக்கல. அது உங்க இஷ்டம். இந்த அட்டை எனக்கு வேண்டாம்."

ஹாஸ்கின் எழுந்தான். ஆயுளில் முதல் தடவையாக மிஸ்டர் போடாமல் அவனைக் கூப்பிட்டேன். "உக்காரு ஹாஸ்கின். நான்தான் போறேன். எனக்கு ஆறு மைல் இருக்கு."

வெளியே வந்தேன். பயம் இல்லை என்று சொன்னால் பொய். முதுகில் இரண்டு பேர் கண்ணும் இருந்தது. ஹோசியாவை அவன் வீட்டில் விடும்படி, காரோடு வந்து காத்திருந்த வெர்னீஸிடம் சொன்னேன். அவனுக்கு இடுப்பு முடியவில்லை. துப்பாக்கியை என்னிடம் கொடுத்துவிட்டு ஏறினான். இப்போது எனக்குப் பக்கத்துக்கு ஒன்றாக இரண்டு. சினிமாக்காரன் மாதிரி டவுன் நடுவே போனேன்.

ஆற்றுப் பாலத்தைத் தாண்டியதும் பின்னால் கார் சத்தம் கேட்டது. ஷெரீஃப் தனியாக வந்தான். என் நடைக்குச் சமமாகக் கொஞ்ச தூரம் ஓட்டினான்.

"எவ்வளவு நாளு இப்படி நடப்ப?"

"அத என் முழங்கால்தான் சொல்லணும். மனசக் கேட்டா முடிவே கிடையாது."

"அடுத்த வருஷம் எலெக்‌ஷன் எனக்கு."

"தெரியும். சர்ச்சுல எல்லாருக்கும் தெரியும்."

காரை நிறுத்தினான். ஸ்டியரிங் மேல் வைத்து ஏதோ எழுதினான். ஜன்னல் வழியாகப் புதிதாக ஓர் அட்டையை நீட்டினான். நான் பள்ளிக்கூடம் போனது பருத்தி எடுக்காத மாதங்களில் மட்டும். எழுத்து எழுத்தாகத்தான் படிப்பேன். அவன் காத்திருந்தான். பெயர் என் பெயர். தேதி அன்றைய தேதி. யார் சிபாரிசில் கொடுக்கப்பட்டது என்கிற இடத்தைத் தேடினேன். அப்படி ஓர் இடமே அட்டையில் இல்லை. திருப்பிப் பின்பக்கமும் பார்த்தேன். ஒன்றும் இல்லை.

"யாரு பேசினதா சொல்லுவீங்க?" என்று கேட்டேன்.

"யாராவது கேட்டா, நீ பேசினதா சொல்லுவேன்." பேனாவைச் சட்டையில் சொருகினான். "ஹாஸ்கின்கிட்ட நான் பேசிக்கறேன். ஏறு, இந்த வெயில்ல சாகாத. வீட்டுல விடறேன். இப்பதான் பர்மிட் இருக்கே."

"ஒண்ணு என்னது. இன்னொண்ணு ஹோசியாவோடது. அவனுக்குப் பர்மிட் குடுத்தீங்களா?"

அவன் ஜன்னல் கண்ணாடியை ஏற்றினான். அட்டையைச் சட்டைப் பையில் போட்டுப் பொத்தானை மாட்டினேன். அவன் கார் திரும்பி டவுன் பக்கம் போகிற வரைக்கும் நின்று பார்த்தேன், திரும்பி வந்துவிடுவானோ என்று. பிறகு நடந்தேன்.

மறுநாள் டிரக்கை எடுத்தேன். பின்கண்ணாடி இருந்த இடத்தில் பழைய பெட்டியைக் கிழித்து ஒட்டியிருந்தேன், முன்னால் ஓட்டை அப்படியே இருந்தது. ரிவால்வர் சட்டைக்குள். ஹாஸ்கினின் மர ஆலை வாசலில் வேகத்தைக் குறைத்தேன். அவன் லாரிப் பக்கம் நின்று யாரையோ திட்டிக்கொண்டிருந்தவன் நிமிர்ந்து பார்த்தான். நான் கை அசைக்கவில்லை. இரண்டு கையும் ஸ்டியரிங்கில் இருந்தன. அங்கிருந்து நேராக ஹோசியா வீட்டுக்குப் போனேன். அவனை ஷெரீஃப் ஆபீசுக்குக் கூட்டிப்போக வேண்டியிருந்தது. அவனும் தனக்குத் தானே பேசப் போகிறானாம்.