பூட்டில்லாத போன்

என் வீட்டுக்காரர் கனகசபாபதிக்கு மறதி நோய் என்று மதுரை டாக்டர் சொல்லிவிட்டார். சிவகாசியில் காலண்டர் அச்சடித்து வடநாடு வரைக்கும் லோடு அனுப்பிய மனிதர். இப்போது அவருக்கிருக்கும் ஒரே வேலை, தன் பழைய போனைத் திறப்பது. பாஸ்வேர்டு ஞாபகமில்லை. ஒருநாள் லோடு போன ஊர்ப் பெயரை அடிப்பார். மறுநாள் எப்போதோ விற்ற கார் நம்பரை அடிப்பார். தப்பு என்று வந்ததும் என்னைப் பார்ப்பார். நான் என்ன ஜோசியமா பார்க்கிறேன்? நல்லா இருந்த காலத்தில் என்னிடம் ஒரு வார்த்தை சொல்லிவைத்திருக்கலாம்.

போனுக்குள் எங்கள் மகள் ரோஷினியின் கல்யாணப் படங்கள் இருக்கின்றன. அவற்றைப் பார்த்தால் மனுஷனுக்குக் கொஞ்சமாவது தெளியும் என்று எனக்கு ஆசை. அவரையும் கூட்டிக்கொண்டு பஸ் ஸ்டாண்டு பக்கத்துச் செல்போன் கடைக்குப் போனேன்.

கடைக்கார விக்னேஷ்குமாருக்கு எங்களைத் தெரியும். போனைத் திருப்பிப் பார்த்தான்.

"புது போனுன்னா எல்லாத்தையும் அழிச்சாத்தான் திறக்கும்மா. அண்ணாச்சி போனு பழைய சிஸ்டம். இதுல ஒரு ஓட்டை இருக்கு. ஒண்ணும் அழியாது."

அவசரத்துக்குப் போன் பண்ணுகிற இடத்தில் நட்சத்திரக் குறிகளாக அடித்தான். அதையே பாஸ்வேர்டு கேட்கும் இடத்தில் மேலும் மேலும் கொட்டினான். போன் திணறி, திடீரென்று திறந்துகொண்டது. எனக்கு ஒரு மண்ணும் புரியவில்லை. இத்தனை மாசமாக அவர் யோசித்து யோசித்து அடித்ததற்குத் திறக்காதது, இந்தக் குப்பைக்குத் திறக்கிறதாம்.

"இனிமே பூட்டே கேக்காதபடி செஞ்சு குடுப்பா" என்றேன். எதையோ கம்ப்யூட்டரில் மாட்டி அதையும் செய்தான்.

கல்யாணத்தில் நான் அரக்குப் பட்டு கட்டி நிற்கிற படத்தை எடுத்து அவர் கையில் கொடுத்தேன். வெகுநேரம் பார்த்தார். என் பெயரைச் சொல்வார் என்று காத்திருந்தேன்.

"இது யாரு போனு?"

"உங்க போனுதாங்க."

"எம் போனுல பூட்டு இருக்கும்." சட்டைப் பையைத் தடவினார். பெஞ்சுக்கு அடியில் குனிந்து பார்த்தார். விக்னேஷ்குமார் என்னைப் பார்த்தான். நான் யாரைப் பார்க்க? நல்லது செய்தேனா, கெடுத்துவிட்டேனா என்று தெரியவில்லை.

அவர் போனை என் உள்ளங்கையில் பதனமாக வைத்தார்.

"படத்துல இருக்காகள்ல, அந்த அம்மா இதைத் தேடி அலைவாக, பாவம். எங்கனயாவது பாத்தா குடுத்துருங்க."

"குடுத்துருதேங்க" என்று வாங்கிக்கொண்டேன்.