றெபேக்காவின் விமானம்

புருஷன் மறந்துவிட்டுப் போன வாசிக்கிற கண்ணாடியைக் கொண்டுபோய்க் கொடுக்கும் சாட்டில், கனடாவில் அவர்கள் குடியிருந்த மல்வேர்னிலிருந்து பஸ் மாறி மாறி விமான அருங்காட்சியகத்துக்கு வந்து சேர்ந்தாள் தெய்வநாயகி. ஓய்வு பெற்றதிலிருந்து சனிக்கிழமைகளில் அவள் புருஷன் மாமாங்கம் அங்கே ஒரு பழைய போர்விமானத்தைத் திருத்த உதவிக்குப் போகிறார். கூட நிற்பவள் றெபேக்கா. கனேடிய விமானப்படையில் அதே ரக விமானங்களுக்கு மெக்கானிக்காக இருந்தவள். அந்தப் பெயர் வீட்டில் அடிக்கடி அடிபடத் தொடங்கியிருந்தது.

கொட்டகைக்குள் ஆளைக் காணமுன் குரல் கேட்டது. வீட்டில் "சாப்பிட்டன்", "ஓம்" என்பதோடு நாளை முடிக்கிற மனிதர், வந்தவர்களுக்கு ஆங்கிலத்தில் கையை ஆட்டி ஆட்டிக் கதைத்துக்கொண்டிருந்தார். பெரிய விமானம் வாங்க வசதியில்லாத நேச நாடுகளுக்கு விற்கவென்றே அமெரிக்கா சின்னதாக, பாரமில்லாமல் வடிவமைத்த விமானமாம். கனடாவும் அதை மொன்றியலில் கட்டித் தானும் பறக்கவிட்டு, நெதர்லாந்துக்கும் வெனிசுவேலாவுக்கும் விற்றதாம். கனடா கைவிட்ட பிறகு சிலதைப் பொட்ஸ்வானா வாங்கியதாம். கட்டிக்கொடுத்த மகளைப் பற்றிச் சொல்வதுபோலச் சொன்னார். ஓரிடத்தில் ஆங்கிலச் சொல் வராமல் தடக்கினார். றெபேக்கா எடுத்துக்கொடுத்தாள். இருவரும் சிரித்தார்கள். அந்தச் சிரிப்பைக் கேட்டுத் தெய்வநாயகி வாசலிலேயே நின்றுகொண்டாள்.

விமானம் என்றால் அவளுக்கும் தெரியும். யுத்த நேரம் மட்டக்களப்பில், பதுங்கக் கிண்டின பங்கருக்குள், குண்டு போட வந்த விமானத்தின் இரைச்சல் தலைக்கு மேலால் போகையில், அவர் தன் உடம்பால் அவளை மூடிக்கொண்டு கிடந்தார். அதைப் பற்றி இருவரும் ஒருநாளும் கதைத்ததில்லை. கதைக்காததாலேயே அது தங்களுடையது என்று இருந்தாள்.

றெபேக்கா ஓடிவந்து அவள் கையைப் பிடித்தாள். "நீங்கதானே தெய்வா? பங்கருக்குள்ள உங்களை மூடிக்கொண்டு கிடந்ததெல்லாம் மாமாங்கம் சொன்னவர்," என்றாள் ஆங்கிலத்தில், கண் கலங்க.

தெய்வநாயகி கையை இழுத்துக்கொண்டு புருஷனைப் பார்த்தாள்.

"இதையும் சொல்லிட்டீங்களா?"

மாமாங்கத்தின் முகம் கறுத்தது. "அவ கேட்டா. அதான் சொன்னன்."

"என்னட்ட ஏன் சொல்லல்ல?"

"நீ ஒருநாளும் கேக்கல்லியே, புள்ள."

கண்ணாடியை அவர் சட்டைப்பைக்குள் திணித்தாள். போய்விடலாம் என்றுதான் திரும்பினாள். பிறகு, கால் உளைவோடு, குனிந்து விமானத்தின் இறக்கைக்குக் கீழே போய் நின்றாள்.

"வாங்க. இப்ப கேக்கிறன். தமிழில சொல்லுங்க."

அவர் குனிந்து உள்ளே வந்தார். "அந்த இரைச்சல்..." என்று தொடங்கினார். இறக்கையின் விளிம்புக்கு அப்பால் றெபேக்காவின் எண்ணெய் படிந்த சப்பாத்துகள் மட்டும் தெரிந்தன. தமிழ் விளங்காவிட்டாலும் அவை போகாமல் நின்றன.