பேரரசர் குடும்பத்தின் கழுத்துகள்

ரோமில் பேரரசர் குடும்பத்தின் புடைப்புச் சிற்பத்தைச் செதுக்கிக்கொண்டிருந்த ஒஃபெல்லியஸுக்கு மூக்குக்கு மேல் கோபம் வந்தது.

"பேரரசரோட தம்பி மூஞ்சியை அழிச்சிடுய்யா. இன்னையிலருந்து அவர் துரோகி," என்றார் அரண்மனை அதிகாரி ஸ்டாபிரியஸ்.

"போன மாசம் ராணியை அழிக்கச் சொன்னீங்க. அந்தக் குழியிலயே புது ராணியைச் செதுக்கச் சொன்னீங்க. மூக்குக்குக்கூட கல்லு மிச்சமில்லை! நான் என்ன மாவுலயா பண்றேன்?"

"ஆணைன்னா ஆணைதான்."

ஒஃபெல்லியஸ் உளியை வீசியெறிந்தார். பிறகு எல்லாத் தலைகளையும் வெட்டியெடுத்து, புதிதாகத் தனித்தனித் தலைகள் செய்து கழுத்துகளில் செருகினார். இனி யாராவது துரோகியானால் தலையைக் கழற்றினால் போதும்.

பார்க்க வந்த அதிகாரி திடுக்கிட்டார். "யோவ், பேரரசர் கழுத்துலயும் செருகின கோடு தெரியுதே!"

"எனக்கு வயசாகுதுங்க. திரும்பவும் முதல்லருந்து செதுக்க என்னால ஆகாது."