கொல்லை வாசலில் பசிபிக்

எங்கள் வீடு பனாமாவாகிப் பதினோரு மாசம் ஆகிறது. முன்வாசலில் கரீபியன் கடல். கொல்லை வாசலில் பசிபிக். நடுவில் ரேழி, கூடம், இரண்டாங்கட்டு, சமையலறை. அதற்கு மேல் நிலம் இல்லை.

காரைக்காலில் எங்கள் தெருவின் மற்ற வீடுகள் எங்கே போயின என்று நான் விசாரிக்கவில்லை. பிறர் வீட்டு விவகாரத்தில் தலையிடும் வழக்கம் எங்கள் குடும்பத்தில் இல்லை.

சூரியன் இப்போது கொல்லைப்புறத்தில் உதிக்கிறது. பனாமாவில் அப்படித்தான் என்று எதிர்வீட்டு அந்துவான் வாத்தியார் சொன்னார். அங்கே நிலம் வளைந்து கிடப்பதால் பசிபிக்கில் சூரியோதயம் பார்க்கலாமாம். அவர் முப்பத்திரண்டு வருஷம் பள்ளிக்கூடத்தில் பூகோளம் நடத்தியவர். இப்போது தீவாக இருக்கிறார். உச்சியில் கொஞ்சம் புகை வருகிறது. காலையில் வழக்கம்போலக் குரல் கொடுப்பார்.

"பேப்பர் வந்துடுச்சாங்க?"

"இன்னும் வரல."

"வந்தா சொல்லுங்க. கரீபியன்ல புயல் இருக்கான்னு பாக்கணும்."

"நீங்கதானே கரீபியன்ல இருக்கீங்க."

"அதான் பயமா இருக்கு."

ஒவ்வொரு நாளும் அவர் குரல் சற்றுத் தள்ளிக் கேட்கிறது.

கிணறு நிகரகுவா ஏரியாகிவிட்டது. நன்னீர்தான். ஆனால் சுறா இருக்கிறது. நான் குளிக்கும்போது அது மரியாதையாக ஒதுங்கிக்கொள்கிறது.

கப்பல்கள் முன்வாசலால் வருகின்றன. கப்பலோட்டும் கப்பித்தான்கள் செருப்பைக் கழற்றிவிட்டுத்தான் உள்ளே வர வேண்டும். இதில் நான் யாருக்கும் விட்டுக்கொடுத்ததில்லை. கப்பல் கூடத்துக்கு வந்ததும் ரேழிக் கதவைச் சாத்துவேன். தண்ணீர் ஏறும். இருபத்தாறு மீட்டர் ஏறும். எங்கள் கூடத்தின் உயரம் பதினான்கு அடி. எங்கும் இடித்ததில்லை. பிறகு கப்பல் சமையலறை வரை போகும். அங்கிருந்து பின்பக்கமாகவே திரும்பி வந்துவிடும். கொல்லைக் கதவை நான் திறப்பதில்லை.

காரணம் உண்டு. எங்கள் குடும்பத்தில் கொல்லை வாசலால் போனவர் ஒருவர்தான். என் தாத்தாவின் தம்பி. 1885இல், பத்தொன்பது வயதில், கரும்பு வெட்டும் கூலியாகக் கையெழுத்துப் போட்டுவிட்டுக் கரீபியனில் பிரெஞ்சுக்காரர் தீவான குவாதலூப்புக்குக் கப்பல் ஏறினார். அதற்கு முன் கூலி வேலைக்கு எங்கள் வீட்டிலிருந்து யாரும் போனதில்லை. தாத்தா அன்றே அந்தக் கதவுக்குத் தாழ்ப்பாள் போட்டார். பதினாறாம் நாள் காரியம் செய்து முடித்தார். அதன் பிறகு தம்பியிடமிருந்து பதினான்கு கடிதங்கள் வந்தன. ஒவ்வொன்றின் மேலும் ஒரே வரியை எழுதித் தாத்தா திருப்பி அனுப்பினார்.

'அப்படி யாரும் இந்த வீட்டிலிருந்து போகவில்லை.'

தாத்தாவுக்குப் பிறகு அப்பா அந்த வரியைக் காத்தார். அப்பாவுக்குப் பிறகு நான் காக்கிறேன். எனக்குப் பிறகு யார் என்ற கேள்வி இன்னும் எழவில்லை. என் மனைவி இறந்து ஒன்பது வருஷம் ஆகிறது. என் மகன் முன்வாசலால் முறைப்படி பாரீசுக்குப் போனான். பதினாறு வருஷமாக வரவில்லை. அதில் குறை சொல்ல ஒன்றுமில்லை.

பன்னிரண்டாம் மாசம் ஒரு நாள் காலையில் கால்வாய் அலுவலர் தெய்வசகாயம் வந்தார். செருப்பைக் கழற்றினார். இரண்டாங்கட்டில் மேசை போட்டு உட்கார்ந்தார். மேசை அவருடைய பையில் இருந்தது.

"ரெண்டு கடலுக்கு நடுவுல இருக்கிற இந்தப் பூசந்திக்கு உரிமைக்காரர் நீங்கதானேங்க?"

"வீட்டுக்கு."

"ரெண்டும் ஒண்ணுதாங்க. ஒரு படிவம் இருக்கு. எட்டுக் கேள்விக்கு நானே பதில் எழுதிட்டேன். ஒம்போதாவது மட்டும் நீங்க சொல்லணும்."

"கேளுங்க."

"கொல்லைக் கதவுக்கு வெளியே நிக்கிறவங்க உங்களுக்கு என்ன உறவு?"

"வெளியே யாரும் நிக்கல."

"தட்டுற சத்தம் கேக்குதே."

"அது கடல்."

"கடல் மூணு தரம் தட்டிட்டுப் பதிலுக்குக் காத்திருக்காதுங்க."

நான் கொல்லைக் கதவருகே போனேன். அங்கே போவதற்குக் கொஞ்ச நேரம் ஆயிற்று. சமையலறை அன்று நீளமாக இருந்தது.

"யாரது?" என்றேன்.

"நான் ஜொசேத்து, பெரியப்பா."

ஒரு பெண்ணின் குரல். அறுபது வயது இருக்கலாம். பேசியது எங்கள் தெருத் தமிழ். என் தாத்தா பேசிய தமிழ். இப்போது எங்கள் தெருவிலேயே அப்படிப் பேச ஆள் இல்லை.

"யாருக்கு யார் பெரியப்பா?"

"எங்க பூட்டனும் உங்க தாத்தாவும் கூடப் பொறந்தவங்க. அப்ப நீங்க எனக்குப் பெரியப்பாதானே? மொறயக்கூட நான்தான் சொல்லித் தரணுமா?"

வெளியே பலர் சிரித்தார்கள். யாரோ இருமினார்கள். ஒரு குழந்தை அழுதது.

"எங்கேயிருந்து வர்றீங்க?"

"குவாதலூப்பு. பட்டாம்பூச்சி மாதிரி இருக்கும் எங்க தீவு. ஒரு ரெக்கையில எரிமல. இன்னொரு ரெக்கையில கரும்பு. பூட்டன் கரும்பு ரெக்கையில இருந்தாரு. மொத்தம் நானூத்திப் பன்னெண்டு பேரு வந்திருக்கோம்."

"அது கரீபியன் பக்கம். என் முன்வாசல் பக்கம். அப்படியே நேரா வந்திருக்கலாமே?"

"வந்திருக்கலாம். நாலே நாள்தான்."

"ஏன் வரல?"

நான் கேட்டதே தவறு என்பது போல அவள் குரல் சற்று உயர்ந்தது.

"கொல்ல வழியாப் போனவரு பெரியப்பா. அவரு வம்சம் முன்வாசலால வரலாமா? எங்க வீட்டுல அப்படி வழக்கமில்ல. தென்னமெரிக்காவச் சுத்திக்கிட்டு, கேப் ஹார்ன் வழியா வந்தோம். நாலு மாசம். வழியில ரெண்டு புள்ள பொறந்துச்சு."

எனக்கு முதுகு சற்று நிமிர்ந்தது. அவர்களிடம் வழக்கம் இருக்கும் என்று நான் எதிர்பார்க்கவில்லை. கதவுக்கு அந்தப் பக்கமும் ஒரு முதுகு அப்படியே நிமிர்ந்து நிற்பதாக எனக்குத் தோன்றியது.

"உள்ளே விட முடியாது," என்றேன்.

"நாங்க உள்ள வரணும்னு கேக்கலயே. அவரு பேரச் சொல்லி ஒரு தரம் கூப்புடுங்க. அது போதும். வீட்டுக்குள்ளேருந்து யாராச்சும் கூப்புடணும்னு சொல்லிட்டுத்தான் கண்ண மூடுனாராம். எங்க எல்லாருக்கும் அவரு பேருதான் குடும்பப் பேரு. வெள்ளக்காரன் ஏட்டுல எப்படியோ எழுதிட்டான். அத எப்படிச் சொல்லணும்னு எங்களுக்கே சரியாத் தெரியல. நீங்க ஒரு தரம் சொன்னா நாங்க கேட்டுக்கிட்டுப் போயிருவோம்."

எங்கள் வீட்டில் பேரனுக்குத் தாத்தாவின் பெயரை வைப்போம். தாத்தாவின் அண்ணன் தம்பிகளின் பெயர்களையும் வைப்போம். அந்த ஒரு பெயரை மட்டும் தாண்டிப் போவோம். எனக்கு அந்தப் பெயர் தெரியும். சிறு வயதில், சுவரின் சுண்ணாம்புக்கு அடியில் கரியால் எழுதியிருந்ததை ஒரு மழைக்காலத்தில் படித்தேன். இதுவரை வாய்விட்டுச் சொன்னதில்லை.

அந்தப் பெயர் என் நாக்கு வரை வந்தது. கனமாக இருந்தது. பின்னால் தெய்வசகாயம் பேனாவைத் திறந்து வைத்துக்கொண்டு நின்றார்.

"அப்படி யாரும் இந்த வீட்டிலேருந்து போகல," என்றேன்.

"பெரியப்பா."

"அப்படி யாரும் போகல."

"நாலு மாசம் வந்திருக்கோம், பெரியப்பா."

"அப்படி யாரும் போகல."

தெய்வசகாயம் எழுதினார். முத்திரை குத்தினார். முத்திரையும் அவருடைய பையில் இருந்தது.

"கொல்லைக் கதவுக்கு வெளியே நிக்கிறவங்க யாருக்கும் இந்த வீட்டோட உறவில்ல. அப்படித்தானேங்க?"

"அப்படித்தான்."

"இனிமே இது நிரந்தரம். மாத்த முடியாதுங்க."

"எங்க வீட்டுல எதையும் மாத்துறதில்ல."

அவர் மேசையை மடித்துப் பையில் வைத்துக்கொண்டு முன்வாசலால் போனார். அவர் காலில் செருப்பு மாட்டும் சத்தம் கேட்டது. பிறகு எந்தச் சத்தமும் கேட்கவில்லை. கொல்லைப்புறத்திலும் இல்லை.

முன்வாசலுக்கு வந்தேன். பேப்பர் வந்திருந்தது.

"வாத்தியாரே, பேப்பர் வந்துடுச்சு," என்றேன்.

அந்துவான் வாத்தியார் அடிவானத்தில் ஒரு புள்ளியாக இருந்தார். பேப்பரில் புயல் எதுவும் இல்லை. அதையும் உரக்கச் சொன்னேன். புகைகூடத் தெரியவில்லை.

அவர்கள் போய்விட்டார்களா என்று உறுதி செய்துகொள்வது நல்லது என்று நினைத்தேன். அதற்காக மட்டும்தான் கொல்லைக் கதவுக்கு வந்தேன். நூற்றிச் சொச்சம் வருஷத் தாழ்ப்பாள், எண்ணெய் போட்டது போல நகர்ந்தது.

வெளியே மூன்று படிகள். மூன்றாம் படியில் கடல். படியில் நானூற்றுச் சொச்சம் பேரின் ஈரக் கால் தடங்கள் இருந்தன. எல்லாம் வெறுங்கால் தடங்கள். செருப்பை எங்கே கழற்ற வேண்டும் என்பது அவர்களுக்குத் தெரிந்திருந்தது. தூரத்தில் ஒரு கப்பல், தெற்கே போய்க்கொண்டிருந்தது. வந்த வழியே திரும்பிப் போகிறார்கள்.

இன்னும் நாலு மாசம் அவர்கள் பயணம் செய்ய வேண்டும்.

நான் இரண்டு படி இறங்கினேன்.

"அமிர்தலிங்கம்!" என்று கூப்பிட்டேன்.

என் குரல் நன்றாகத்தான் எழுந்தது. உச்சரிப்பிலும் குறையில்லை. இன்னொரு தரம் கூப்பிட்டேன். கப்பல் நிற்கவில்லை. நான் தண்ணீர் கணுக்கால் வரை வரும்படி மூன்றாம் படியிலும் இறங்கிக் கூப்பிட்டேன். கப்பல் வளைந்து கடலுக்குள் அமிழ்ந்தது போல மறைந்தது.

பின்னால் கதவு சாத்திக்கொண்டது. தாழ்ப்பாள் விழும் சத்தம் கேட்டது.

வீட்டில் வேறு யாரும் இல்லை. இருந்தாலும் தட்டினேன். மூன்று தரம் தட்டிவிட்டுக் காத்திருந்தேன்.

உள்ளே சமையலறையில் யாரோ நடந்து வந்தார்கள். வருவதற்குக் கொஞ்ச நேரம் ஆயிற்று.

"யாரது?"

என் குரல்தான். என் பெயரைச் சொன்னேன். அப்பா பெயரையும் தாத்தா பெயரையும் சொன்னேன். இப்போதுதான் வெளியே வந்தேன் என்றும் சொன்னேன்.

"அப்படி யாரும் இந்த வீட்டிலேருந்து போகல," என்றது குரல்.

தடுமாற்றமில்லாமல் சொன்னது. நானாக இருந்தாலும் அப்படித்தான் சொல்லியிருப்பேன். மறுபடி தட்டுவது மரியாதையாக இருக்காது.

படியில் முதுகை நிமிர்த்தி உட்கார்ந்தேன். கால் தடங்கள் காய்ந்துகொண்டிருந்தன. பசிபிக்கிலிருந்து சூரியன் நன்றாக மேலே ஏறியிருந்தது.

கேப் ஹார்னைச் சுற்றிக்கொண்டு போனால் நாலு மாசத்தில் முன்வாசலுக்குப் போய்ச் சேரலாம். முன்வாசல் கதவு திறந்துதான் இருக்கிறது. ஆனால் கொல்லை வழியாகப் போனவர்கள் முன்வாசலால் வருவது எங்கள் குடும்பத்தில் வழக்கமில்லை.