ஃபெட்டில் என்ற சொல்லும் அண்ணியின் கைகளும்

எங்கள் ஆங்கில வகுப்பு டயர் கடைக்கு மேல்மாடியில் நடக்கிறது. படியேறும்போதே ரப்பர் வாடை முகத்தில் அடிக்கும். பகலெல்லாம் மூக்குக்கண்ணாடிக் கடையில் பவர் எழுதி ஆர்டர் போட்டுவிட்டு நான் வந்து சேர்வேன். அண்ணி ஃபேக்டரி வண்டியிலிருந்து நேராக இறங்கி வருவார். முழங்கை வரை வெள்ளைப் புழுதி இருக்கும். துடைத்துக்கொண்டு வரச் சொன்னால், "இது மேக்கப்டி" என்பார்.

அண்ணி வேலை செய்வது பீங்கான் வாஷ்பேசின் செய்யும் ஃபேக்டரியில். அன்றைக்கு டீச்சர் ஒவ்வொருவரையும் எழுப்பி, அவரவர் வேலையை ஆங்கிலத்தில் சொல்லச் சொன்னார். வேன் ஓட்டுகிறவர் சொன்னார், ஆஸ்பத்திரி ஆயா சொன்னார், நான் எழுதி வைத்திருந்ததைப் படித்தேன். அண்ணி எழுந்து, "ஐ ஆம் ஃபெட்லிங்" என்றார்.

டீச்சர் சாக்பீஸை விரல்களுக்கு நடுவில் உருட்டினார். அவருக்கு அண்ணியைவிட வயது குறைவு.

"ஃபெட்லிங்னா என்னக்கா?"

"ஃபெட்லிங்னா ஃபெட்லிங்தான் டீச்சர்."

"அதுக்கு இங்கிலீஷ்ல அர்த்தம் என்னன்னு கேட்கிறேன்."

"அது இங்கிலீஷா? இத்தனை வருஷமா எங்க ஃபேக்டரி வார்த்தைன்னுல்ல நெனச்சிட்டிருக்கேன்!"

வகுப்பே சிரித்தது. எல்லாரையும்விட அண்ணிதான் பலமாகச் சிரித்தார். டீச்சர் தனக்கும் தெரியவில்லை என்று மறைக்காமல் சொல்லி, யாராவது தேடிப் பார்த்துவிட்டு வாருங்கள் என்றார். நான் கை தூக்கினேன். கேள்விக்குப் பதில் சொல்லக் கை தூக்க எனக்குத் தைரியம் கிடையாது; தேடுகிற வேலை என்றால் தானாகத் தூக்கிவிடுவேன். அண்ணி எனக்கு வைத்திருக்கும் பெயரே டிக்ஷனரி.

அண்ணி வகுப்பில் சேர்ந்ததற்கு ஒரு காரணம் இருந்தது. ஃபேக்டரியில் புதிதாக ஒரு பிரிவு திறக்கப் போகிறார்கள். பல இடங்களிலிருந்து புது ஆட்கள் வருகிறார்கள், சிலருக்கு நம் மொழி தெரியாது. அவர்களுக்கு வேலை சொல்லிக்கொடுக்க ஒரு பயிற்சியாளர் வேண்டும். நேர்காணல் ஆங்கிலத்தில். வெளிநாட்டிலிருந்து இரண்டு இன்ஜினியர்கள் வருகிறார்கள். அண்ணி அந்த வேலைக்கு முயன்றது ஆசைக்காக மட்டும் இல்லை. வலது மணிக்கட்டு வீங்கிக்கொண்டே வந்தது. இதே வேலையைத் தொடர்ந்தால் கை நிரந்தரமாகப் போய்விடும் என்று டாக்டர் சொல்லிவிட்டார். பயிற்சியாளர் வேலை கிடைக்காவிட்டால் அட்டைப்பெட்டி ஒட்டும் பகுதிக்குத்தான் மாற்றுவார்கள். "அங்க போறதுக்கு வீட்லயே உக்காந்து உங்க அண்ணன் குறட்டையை எண்ணலாம்" என்பார். சிரித்துக்கொண்டேதான் சொல்வார். ஆனால் சொல்லும்போது இடது கை வலது மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டிருக்கும்.

அந்தச் சொல்லைத் தேட ஆரம்பித்தபோது, இவ்வளவு தூரம் போகும் என்று நான் எதிர்பார்க்கவில்லை. நூலகத்தின் பெரிய அகராதியில் ஃபெட்டில் என்ற வேர்ச்சொல்லாக அது ஒரு பத்திக்கு மேல் ஓடியது. இன்றைக்கு ஆங்கிலம் பேசுகிறவர்களிலேயே பலர் அதை ஒரே ஒரு தொடரில்தான் கேட்டிருப்பார்களாம். ஒருவர் உடம்பும் மனசும் தெம்பாக இருந்தால், அவர் ஃபைன் ஃபெட்டிலில் இருக்கிறார் என்பார்கள். அந்தத் தொடரை எடுத்துவிட்டால் சொல் தொழிற்சாலைக்குள் போய்விடுகிறது. வார்ப்பு இரும்பின் பிசிறைத் தேய்த்து எடுப்பது ஃபெட்டில். சுடாத களிமண் பாண்டத்தின் ஓரத்தைச் சீவுவதும் அதுதான்; அண்ணியின் வேலை இதுதான். உலையின் அடிப்பகுதிக்குப் பூச்சு போடுவதற்கும் அதே பெயர். ஏதோ ஒரு நாட்டில் தண்டவாளத்தைச் சரிபார்க்கிற ஆள் ஃபெட்லர். குதிரையைத் தேய்த்து விடுவதற்கும் ஒரு காலத்தில் இதையே சொல்லியிருக்கிறார்கள். எல்லாவற்றுக்கும் அடியில் மிகப் பழைய அர்த்தம் ஒன்று இருந்தது. இடுப்புக் கச்சை. கச்சையைக் கட்டிக்கொண்டு ஒரு வேலைக்குத் தயாராவது.

வாசித்துக்கொண்டே இருந்தேன். கச்சை கட்டுகிற மனிதன், குதிரை, உலை, தண்டவாளம், எங்கள் அண்ணி, எல்லாரும் ஒரே சொல்லுக்குள் இருந்தார்கள். நான் இதை மிகையாக நினைக்கிறேனோ என்றும் தோன்றியது. ஒரு சொல்லைப் பார்த்து இப்படி அசந்து போகிறவள் நான் ஒருத்தியாகத்தான் இருப்பேன்.

வீட்டில் சொன்னபோது அண்ணன் பாத்திரம் கழுவிக்கொண்டிருந்தார். அண்ணி மேஜையில் உட்கார்ந்து வெந்நீர்ப் பையை மணிக்கட்டில் வைத்திருந்தார்.

"தெம்பா இருந்தா ஃபைன் ஃபெட்டிலா? அப்போ மேட்ச் ஜெயிச்ச அன்னிக்கு உங்க அண்ணன்."

"தோத்த அன்னிக்கு?" என்றார் அண்ணன்.

"அன்னிக்கு ஃபெட்டிலும் இல்ல, ஒண்ணும் இல்ல. போர்வைக்குள்ள ஒரு மூட்டை."

"குதிரையைத் தேய்க்கிறதும் இதுதானாம் அண்ணி."

"கேட்டீங்களா? திரும்புங்க, முதுகு தேய்ச்சு விடறேன்."

"நான் குதிரையா?"

"குதிரைன்னா சந்தோஷப்படுங்க. நான் வேற ஒண்ணு சொல்ல வந்தேன்."

கச்சை என்றதும் அண்ணி சிரிப்பதை நிறுத்தினார். ஃபேக்டரியில் காலையில் போனதும் முதல் வேலையாக ரப்பர் ஏப்ரனை இறுக்கிக் கட்டிக்கொள்வார்களாம். கட்டாமல், சூளைக்குப் போகாத பச்சைப் பாண்டத்தை யாரும் தொட மாட்டார்களாம். "சரியாத்தான் பேர் வெச்சிருக்கான்" என்றார்.

அடுத்து நான் எனக்குத் தெரிந்த விதத்தில் வேலையைத் தொடங்கினேன். நேர்காணலில் வரக்கூடிய கேள்விகளை அட்டைகளில் எழுதினேன். ஃபெட்லிங் என்றால் என்ன என்று நிச்சயம் கேட்பார்கள் என்பதால், அதற்கு மூன்று வாக்கியத்தில் ஒரு பதில் தயாரித்து டீச்சரிடம் திருத்தி வாங்கினேன். வீட்டைச் சுத்தம் செய்வதற்கும், கெட்டுப்போன எதையாவது சரிசெய்வதற்கும் ஆங்கிலேயர் நாட்டின் வடக்கு வட்டாரத்தில் ஃபெட்டில் என்பார்கள் என்று அகராதியில் இருந்தது. அதைத் தேவையில்லை என்று விட்டுவிட்டேன். தினமும் சாப்பாடு முடிந்ததும் நான் அதிகாரி, அண்ணி விண்ணப்பதாரர், அண்ணன் வாசலில் உட்காரும் பியூன்.

அண்ணிக்கு ஒரு பழக்கம். ஆங்கிலம் பேசினால் கை சும்மா இருக்காது. மேஜை ஓரம், டம்ளர் விளிம்பு, என் அட்டையின் முனை என்று எது கிடைத்தாலும் கட்டைவிரல் அதைத் தடவிக்கொண்டே போகும், இல்லாத பிசிறைத் தேடுகிற மாதிரி. நேர்காணலில் கைகளை ஆட்டக்கூடாது என்று நான் ஒரு புத்தகத்தில் படித்திருந்தேன். அதனால் சட்டம் போட்டேன். கைகள் மடியில், ஒன்றன்மேல் ஒன்று.

"கட்டிப் போட்ட மாதிரி இருக்குடி."

"பழகிடும் அண்ணி."

"பியூன் சார், இந்த ஆபீசர் ரொம்பக் கண்டிப்பு."

"நான் டீ வாங்க வந்தவம்மா, என்னை விட்டுடு" என்றார் அண்ணன்.

கைகளை மடியில் வைத்தபடி அவர் அந்த மூன்று வாக்கியத்தைப் பிசகாமல் ஒப்பித்தார். எனக்குத் திருப்தியாக இருந்தது. முகம் மட்டும் வேறு யாருடையதோ போல இருந்தது. அது பதற்றம் என்று நினைத்துக்கொண்டேன்.

நேர்காணல் முடிந்த அன்று அண்ணி வகுப்புக்கு வரவில்லை. நான் பாதியிலேயே எழுந்து வீட்டுக்கு ஓடினேன். அவர் செருப்பைக்கூடக் கழற்றாமல் நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். அண்ணன் பக்கத்தில் நின்றுகொண்டு, "நீயே கேளு, என்கிட்ட முதல்லேர்ந்து சொல்ல மாட்டேங்கறா" என்றார்.

"கேட்டாங்களா அண்ணி?"

"கேட்டாங்க. முதல் கேள்வியே அதான். மேனேஜர் ஒரு பக்கம், வெளிநாட்டு ஆள் ரெண்டு பேர், ஒரு ஆம்பளை, ஒரு உசரமான அம்மா. அந்த ஆள்தான் கேட்டாரு. நான் கையை மடியில வெச்சேன், உன் சட்டப்படி. ‘ஃபெட்லிங் இஸ்’னு ஆரம்பிச்சேன். அவ்வளவுதான்."

"அவ்வளவுதான்னா?"

"நின்னு போச்சுடி. மறுபடி ‘ஃபெட்லிங் இஸ்’. அந்த ஆள் பேப்பரைத் திருப்பிட்டாரு."

அந்த மூன்று வாக்கியமும் என்னுடையவை, மடியில் கை வைக்கச் சொன்னதும் நான்தான்.

"முகத்தை அப்படி வெச்சுக்காத, இன்னும் இருக்கு. மேஜை மேல தண்ணி பாட்டில் இருந்துச்சு. பிளாஸ்டிக். அதுவும் அச்சுல வார்த்ததுதானே? பக்கத்துல கோடு இருக்கும் பாரு, ரெண்டு பாதியும் சேர்ற இடம். நான் பாட்டுக்கு உக்காந்திருக்கேன், கை போய் அதைப் பிடிச்சிடுச்சு. நகம் கோட்டுல பட்டுச்சு, வாய் திறந்துக்கிச்சு."

"என்ன சொன்னீங்க?"

அண்ணி மேஜையிலிருந்த சாஸ் பாட்டிலை எடுத்தார். கட்டைவிரல் கோட்டின் மேல் மெதுவாக இறங்கியது. "ஸீ திஸ் லைன், சார். டூ மோல்ட் மீட், லைன் கம். பிஃபோர் ஃபயர், சாஃப்ட். ஐ டேக். ஆஃப்டர் ஃபயர், நோபடி கேன் டேக்."

இலக்கணம் காலை ஒடித்துக்கொண்டு கிடந்தது. ஆனால் நான் நூலகத்தில் படித்த எந்த விளக்கமும் இவ்வளவு தெளிவாக இல்லை. சூளைக்குப் போவதற்கு முன்னால்தான் எதையும் எடுக்க முடியும், அதற்குப் பிறகு அந்தக் கோடு பாண்டத்தோடு கல்லாகிவிடும் என்பது எந்த அகராதியிலும் இல்லை.

"அப்புறம் அந்த ஆள், எப்படிச் சொல்லிக்கொடுப்பீங்கன்னு கேட்டாரு. நான் பாட்டிலை அவர் கையில குடுத்து, ‘ஷட் யுவர் ஐஸ், சார். ஃபைண்ட்’னு சொன்னேன்."

"இன்ஜினியர்கிட்டயா!" என்றார் அண்ணன்.

"பின்ன? எங்க செக்ஷன்ல எல்லாரையும் அப்படித்தான் பழக்கறோம். கண்ணு ஏமாத்தும், விரல் ஏமாத்தாது. அவரும் கண்ணை மூடிட்டுத் தடவறாரு. பக்கத்துல இருக்கிற கோட்டைப் பிடிச்சிட்டாரு. ‘ஒன் மோர், சார்’னேன். விடல. தேடித் தேடி அடியில இருக்கிற சின்னக் கோட்டையும் பிடிச்சிட்டாரு. பரீட்சையில பாஸான பையன் மாதிரி ஒரு சிரிப்பு. மேனேஜர் வாங்கிப் பார்த்தாரு, அந்த அம்மாவும் பார்த்தாங்க. கொஞ்ச நேரம் மூணு பேரும் கண்ணை மூடிட்டு ஒரு தண்ணி பாட்டிலைத் தடவிட்டிருக்காங்க. நான் சிரிக்கக்கூடாதுன்னு நாக்கைக் கடிச்சிட்டு உக்காந்திருந்தேன்."

அந்த உயரமான பெண்மணி கடைசியில் ஒன்று சொன்னாராம். அவர் ஊரில் ஃபெட்டில் என்பது ஃபேக்டரிச் சொல்லே இல்லையாம். அவருடைய அம்மா வெள்ளிக்கிழமைதோறும் சமையலறையை ஃபெட்டில் செய்வாராம். சைக்கிள் கெட்டுப்போனால் அப்பா ஃபெட்டில் செய்வாராம். இங்கே வந்து அதைக் கேட்பேன் என்று நினைக்கவே இல்லை என்றாராம். நான் தேவையில்லை என்று விட்ட அர்த்தம், ஒருவருடைய வீட்டில் தினமும் புழங்கியிருக்கிறது.

"நானும் சும்மா விடல. ‘ஓல்ட் மீனிங், மேடம், பெல்ட்’னு ஏப்ரன் கட்டற மாதிரி காட்டினேன். அவங்களுக்கே தெரியலடி! எழுதிக்கிட்டாங்க. யார் சொன்னதுன்னு கேட்டாங்க. எங்க வீட்டுல ஒரு டிக்ஷனரி இருக்கு, சாப்பாடு போட்டு வளர்க்கறோம்னு சொல்ல வந்தேன், இங்கிலீஷ் வரல."

"கிடைக்குமா அண்ணி?"

அவர் அப்போதுதான் குனிந்து செருப்பைக் கழற்றினார். "தெரியலடி. ரெண்டு தடவை நின்னு போனேனே. வெளியில இன்னும் மூணு பேர் உக்காந்திருந்தாங்க. எல்லாரும் மடமடன்னு பேசறாங்க."

அடுத்த நாட்களில் அண்ணி ஜோக் அடிப்பதைக் குறைத்துக்கொண்டார். அண்ணன் மேட்சை மெதுவான சத்தத்தில் பார்த்தார். நான் கடையில் ஒரு கிழவரின் இடது கண் பவரை வலது கண்ணுக்கு எழுதி, முதலாளியிடம் வாங்கிக் கட்டிக்கொண்டேன்.

வாரக் கடைசியில் கடை ஃபோன் அடித்தது. எடுத்ததும், "கண்ணாடி ரெடியா?" என்று ஒரு கட்டைக் குரல்.

"யார் பேருக்குங்க?"

"ட்ரெயினர் பேருக்கு."

நான் ஃபோனைக் காதிலிருந்து எடுத்து ஒருமுறை பார்த்தேன். "அண்ணி!"

"திங்கட்கிழமைலேர்ந்து. ஆறு மாசம் பார்ப்பாங்களாம், அப்புறம்தான் நிரந்தரம். கத்தாதடி, கஸ்டமர் இருப்பாங்க."

கஸ்டமர் இரண்டு பேர் இருந்தார்கள். நான் கத்திவிட்டேன்.

அன்று சாப்பிட்டு முடித்ததும் அண்ணி மேஜையைத் துடைத்துவிட்டு என் எதிரில் உட்கார்ந்தார். கேட்கப் போவதை முன்பே யோசித்து வைத்திருந்தார் என்று தெரிந்தது.

"திங்கட்கிழமை எல்லாருக்கும் ஆளுக்கு ஒரு பச்சை பேசின் குடுப்பேன். எல்லாரும் முதல் பேசினை உடைப்பாங்க. நானும் உடைச்சேன். அன்னிக்கு என் மேஸ்திரி சத்தம் போட்டதுல நான் வேலையை விட்டுட்டு ஓடிப் போகப் பார்த்தேன். இவங்க ஓடக்கூடாது. உடைஞ்ச உடனே நான் என்ன சொல்லணும்?"

எனக்கு அது பெரிய பொறுப்பாகத் தோன்றியது. யோசித்து, மரியாதையான ஒரு வாக்கியம் சொன்னேன். பிடிக்கவில்லை என்று தலையசைத்தார். கொஞ்சம் சுருக்கி இன்னொன்று சொன்னேன். அதில் ‘அன்ஃபார்ச்சுனேட்லி’ என்று ஒரு வார்த்தை இருந்தது. "அதைச் சொல்லி முடிக்கறதுக்குள்ள அவங்க ரெண்டாவதையும் உடைச்சிடுவாங்க" என்றார் அண்ணன் அடுப்படியிலிருந்து.

அண்ணி காலித் தட்டு ஒன்றை இரண்டு கைகளாலும் தூக்கி, உடைந்ததை ஓரமாக வைப்பது போல மேஜையின் ஒரு முனைக்குத் தள்ளினார். இன்னொரு தட்டை எடுத்து, எதிரில் உட்கார்ந்திருந்த என் முன்னால் மெதுவாக வைத்தார்.

"ஃபர்ஸ்ட் ஒன் ஆல்வேஸ் பிரேக்" என்றார். "டேக் நெக்ஸ்ட் ஒன்."

நான் தட்டை வாங்கிக்கொண்டேன்.

"சரியா இருக்கா? தப்பு இருந்தா சொல்லு."

தப்பு ஒன்று இருந்தது. எனக்குத் தெரிந்தது. ஆனால் யாராவது என்னிடம் அந்த இரண்டு வாக்கியத்தை இப்படிச் சொல்லியிருந்தால், நான் வகுப்பில் பதில் சொல்லக்கூடக் கை தூக்கியிருப்பேன்.

"இப்படியே சொல்லுங்க அண்ணி" என்றேன்.